சாக்லேட் கிரேவியில் ஒரு குறை

புஷ் ஃபோர்க், கென்டக்கி
1951 மார்ச் 4, ஞாயிறு

டெல்சி,

நான் உனக்குக் கடிதம் எழுதுவேன் என்று நீ எதிர்பார்த்திருக்க மாட்டாய். நானும் எதிர்பார்க்கவில்லை. உன் புருஷன் ஆர்லியைத்தான் எழுதச் சொன்னேன். "பொம்பளைங்க சமாச்சாரம், நீயே கேட்டுக்கக்கா" என்று சொல்லிவிட்டு நழுவிவிட்டான். சுரங்கத்துக்குள் தைரியமாக இறங்குகிறவன் ஒரு கடிதம் எழுதப் பயப்படுகிறான்.

விஷயத்துக்கு வருகிறேன். உன் மகள் சரியாகச் சாப்பிடுவதில்லை. நவம்பரில் உன்னை ஆஸ்பத்திரி வண்டியில் ஏற்றிய நாளிலிருந்து நான் இங்கே பொங்கிப் போடுகிறேன். என் சமையலைக் குறை சொன்னவர்கள் இந்தப் பள்ளத்தாக்கில் யாரும் இல்லை. ஒலீட்டாவும் வார நாட்களில் ஏதோ கொறிக்கிறாள். சனிக்கிழமை காலையில் மட்டும் தட்டைத் தானே எடுத்து வைத்துக்கொண்டு, "சாக்லேட் கிரேவி" என்கிறாள். இல்லை என்றால் அன்று முழுக்கப் பட்டினி. அடித்தும் பார்த்துவிட்டேன். ஒரே ஒரு தடவைதான், அதுவும் லேசாக.

கிரேவி என்றால் எங்கள் வீட்டில் பன்றிக்கொழுப்பில் மாவை வறுத்துப் பாலை ஊற்றி மிளகு தூவுவது. அதில் சர்க்கரையைக் கொட்டுகிறவர்களை நீ வருகிற வரைக்கும் நான் பார்த்ததில்லை. போன சனிக்கிழமை நானே முயன்றேன். கொழுப்பைக் காய்ச்சி, மாவு போட்டு, கோகோ தூளும் சர்க்கரையும் போட்டேன். குழந்தை ஒரு வாய் வைத்துவிட்டு வாசலுக்கு ஓடித் துப்பினாள். நாயும் முகர்ந்து பார்த்துவிட்டுப் போய்விட்டது.

ஆகவே எப்படிச் செய்வது என்று எழுது.

இன்னொன்று. உன் கடிதங்கள் வந்தால் அவற்றைக் காலையில் பிஸ்கட் வேகும் அடுப்புக்குள் கொஞ்ச நேரம் வைத்து எடுத்த பிறகுதான் ஆர்லியிடம் கொடுக்கிறேன். நம் சர்ச்சில் எல்லாரும் அப்படித்தான் செய்யச் சொல்கிறார்கள். வீட்டில் குழந்தை இருக்கிறது. கோபித்துக்கொள்ளாதே.

வெர்டி


காசநோய் மருத்துவமனை, மூன்றாம் வார்டு
மார்ச் 12

அன்புள்ள வெர்டி அண்ணிக்கு,

இங்கே ஒரு நாளைக்குக் கால் மணி நேரம்தான் எழுத விடுவார்கள். அதுவும் படுத்தபடியே. அதனால் இந்தக் கடிதத்தை மூன்று நாளாக எழுதுகிறேன். கையெழுத்து கோணலாக இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

பன்றிக்கொழுப்பில் கோகோ போட்டீர்களா! படித்துவிட்டுச் சிரித்தேன். சிரித்தால் இருமல் வரும், இருமினால் நர்ஸ் வருவாள். அவள் வந்து திட்டிவிட்டுப் போனாள். இங்கே வந்து நான் சத்தமாகச் சிரித்தது இதுதான் முதல் தடவை, அதற்காக உங்களுக்கு நன்றி சொல்ல வேண்டும்.

பக்கத்துக் கட்டிலில் ஹேரியட் என்று ஒருத்தி. வடக்கே பாஸ்டன் பக்கம். அவளுக்கு விஷயத்தைச் சொன்னால், "பிஸ்கட்டு மேல எதுக்குடி கொழம்ப ஊத்துறீங்க, நமுத்துப் போயிடாதா?" என்கிறாள். அவளுக்கு பிஸ்கட் என்றால் டப்பாவில் வருகிற மொறுமொறு சாமான். நாங்கள் காலையில் மாவு பிசைந்து, வட்டமாக வெட்டி, அடுப்பில் உப்பவிட்டு, ஆவி பறக்கப் பிட்டு வைப்போம் என்று விளக்கினேன். "அது பன்னு. அதப் போய் பிஸ்கட்டுன்னு சொல்லிட்டுத் திரியிறீங்களா?" என்றாள். அதிலிருந்து இரண்டு நாள் பேச்சுவார்த்தை இல்லை.

அண்ணி, கல்யாணமாகி வந்த முதல் சனிக்கிழமை உங்கள் எல்லோருக்கும் அதைச் செய்து வைத்தேன், ஞாபகம் இருக்கிறதா? நீங்கள் தட்டைத் தள்ளி வைத்துவிட்டு, "காலங்காத்தால மிட்டாய் திங்கிற வீட்டுலருந்து பொண்ணு எடுத்திருக்கான்" என்றீர்கள். நான் மறக்கவில்லை. இப்போது நீங்களே கேட்டு எழுதியிருக்கிறீர்கள். சந்தோஷப்பட வேண்டும். ஏனோ முழுசாக வரவில்லை.

அடுப்பில் வைப்பதைப் பற்றி நான் ஒன்றும் சொல்ல மாட்டேன். இங்கே என் தட்டு, என் கரண்டி, என் கோப்பை எல்லாவற்றையும் தனியாகக் கொதிக்க வைக்கிறார்கள். கடிதத்துக்கும் அதே கதி என்று நினைத்துக்கொள்கிறேன்.

செய்முறை இதுதான். கொழுப்பே வேண்டாம். முக்கால் கப் சர்க்கரை, மூன்று கரண்டி மாவு, இரண்டு கரண்டி நிறைய கோகோ தூள், ஒரு சிட்டிகை உப்பு. நான்கையும் ஈரமில்லாமல் முதலில் நன்றாகக் கலந்துவிட வேண்டும், இல்லாவிட்டால் கட்டி தட்டும். பிறகு இரண்டு கப் பாலைக் கொஞ்சம் கொஞ்சமாக ஊற்றி, மிதமான தீயில் கை விடாமல் கிண்ட வேண்டும். கரண்டியின் பின்பக்கம் ஒட்டுகிற பதம் வந்ததும் இறக்கி ஒரு கட்டி வெண்ணெய். அவ்வளவுதான்.

டெல்சி


புஷ் ஃபோர்க்
மார்ச் 26

டெல்சி,

ஈஸ்டர் முடிந்தது. ஒலீட்டாவுக்கு மஞ்சள் கவுன் தைத்துப் போட்டேன். போன வருஷத்து அளவே சரியாக இருந்தது. அது நல்ல சேதி இல்லை என்று உனக்குத் தெரியும்.

நீ எழுதியபடியே இரண்டு சனிக்கிழமை செய்துவிட்டேன். கட்டி தட்டவில்லை, அடிப்பிடிக்கவில்லை. என் வாய்க்கு இப்போதும் அது காலைச் சாப்பாடு இல்லை, ஆனாலும் குற்றம் சொல்ல எதுவும் இல்லை. முதல் சனிக்கிழமை அவள் பிஸ்கட்டைப் பிட்டு, மேலே ஊற்றிக்கொண்டு, ஒரு வாய் வைத்தாள். பிறகு என்னை நிமிர்ந்து பார்த்தாள்.

"இது அம்மா பண்றது இல்ல."

"அம்மா எழுதுன மாதிரியேதான்டி பண்ணியிருக்கேன்."

"இல்ல. வாசன வேற."

"என்ன வாசன?"

அவளுக்குச் சொல்லத் தெரியவில்லை. ஐந்து வயதுக் குழந்தைக்கு எப்படித் தெரியும்? பாதி பிஸ்கட் தின்றாள். இரண்டாவது வாரமும் அதே பேச்சு, அதே பாதி. ஆர்லியைக் கேட்டேன். அவன் சனிக்கிழமை அரை ஷிப்டுக்கு விடியும்போதே ஓடுகிறவன், நீ அதில் என்ன போடுவாய் என்று அவனுக்கு எங்கே தெரியும்.

இப்போது நான் ஒன்றைச் சொல்ல வேண்டும். சொல்ல எனக்குப் பிடிக்கவில்லை. உன் கடிதத்தை அன்று அடுப்பில் வைத்துவிட்டுக் கோழிக்கூட்டுக்குப் போனேன். ஒரு நரி வந்திருந்தது, அதில் மறந்துவிட்டேன். திரும்பி வந்தபோது தாளின் கீழ்ப்பகுதி கருகிவிட்டது. "ஒரு கட்டி வெண்ணெய். அவ்வளவுதான்" என்பது வரைக்கும் இருக்கிறது. உன் கையெழுத்து இருந்த இடம் பாதி இருக்கிறது. அதற்குக் கீழே இரண்டு வரி இருந்திருக்கிறது. கையில் எடுத்ததும் உதிர்ந்துவிட்டது. மறந்து போனதை நீ கடைசியில் சேர்த்து எழுதியிருப்பாய். குழந்தை கேட்கிற வாசனை அந்த இரண்டு வரியில்தான் இருந்திருக்க வேண்டும்.

தப்பு என்னுடையது. நான் இப்படி யாருக்கும் எழுதிக் கொடுத்தது கிடையாது. அந்த இரண்டு வரியை மறுபடி எழுது.

வெர்டி


மூன்றாம் வார்டு
ஏப்ரல் 6

அண்ணி,

உங்கள் கடிதம் வந்து ஒரு வாரமாகிறது. பதில் எழுத உட்கார்ந்து உட்கார்ந்து, மன்னிக்கவும், படுத்துப் படுத்து, விட்டுவிட்டேன்.

எக்ஸ்ரே எடுத்தார்கள். இடது நுரையீரல் ஆறவில்லை. விலா எலும்புகளில் சிலவற்றை வெட்டியெடுத்து அந்தப் பக்கத்தைச் சுருங்க வைக்கிற ஆபரேஷன் ஒன்று உண்டு. அதைச் செய்யலாமா என்று டாக்டர்கள் பேசிக்கொண்டிருக்கிறார்கள். என்னிடம் யாரும் பேசவில்லை. நர்ஸ் தலைமாட்டில் வைத்துவிட்டுப் போன காகிதத்தை ஹேரியட்தான் எட்டிப் பார்த்துச் சொன்னாள். மறுபடி பேச்சுவார்த்தை வந்துவிட்டது என்று தெரிந்துகொள்ளுங்கள்.

போன ஞாயிற்றுக்கிழமை அவர் வந்திருந்தார். குழந்தைகளை உள்ளே விடமாட்டார்கள், அதனால் தனியாகத்தான் வந்தார். ஒலீட்டாவைப் பற்றி ஒவ்வொன்றாகக் கேட்டேன். பல் விழுந்ததா, செருப்பு பத்துகிறதா, ஜெபம் சொல்கிறாளா. அவர் பேச்சுவாக்கில், "அக்காவ அம்மான்னு கூப்பிட்டா பாரு, அன்னிக்கு" என்று ஆரம்பித்துவிட்டு, என் முகத்தைப் பார்த்ததும் தொப்பியைக் கையில் சுற்றிக்கொண்டே பேச்சை மாற்றினார். எனக்கு அது போதும்.

என் அடுப்பு, என் கட்டில், என் மேசை, என் புருஷனின் துணி, எல்லாம் உங்கள் கையில் இருக்கிறது. அதற்காக ஒவ்வொரு நாளும் உங்களை ஆண்டவன் ஆசீர்வதிக்கட்டும் என்று வேண்டிக்கொள்கிறேன். பொய் சொல்லவில்லை, நிஜமாகவே வேண்டுகிறேன். ஆனால் அந்தப் பெயரையுமா அண்ணி?

கருகிய வரியைப் பற்றிப் பிறகு எழுதுகிறேன். இன்று முடியவில்லை.

டெல்சி


புஷ் ஃபோர்க்
ஏப்ரல் 15, ஞாயிறு

டெல்சி,

உன் கேள்விக்குப் பதில். என் தம்பியின் வாய்க்கு ஒரு பூட்டு வாங்க வேண்டும், அது வேறு விஷயம்.

பிப்ரவரியில் ஒலீட்டாவுக்குக் காய்ச்சல் வந்தது. உனக்குச் சொல்ல வேண்டாம் என்று நான்தான் அவனைத் தடுத்தேன். மத்தியானம், நல்ல காய்ச்சலில் கண்ணை மூடிக்கொண்டு, "அம்மா, தண்ணி" என்றாள். நான், "இதோ கண்ணு" என்று சொல்லிக் கொடுத்தேன்.

நடந்தது அவ்வளவுதான் என்று எழுதி முடித்துவிடலாம். ஆனால் அவ்வளவுதான் இல்லை. "அம்மா ஆஸ்பத்திரியில இருக்காடி, நான் அத்தை" என்று சொல்லியிருக்க வேண்டும். சொல்லவில்லை. மறுநாள் காய்ச்சல் விட்ட பிறகு எழுந்து நன்றாகக் கண் விழித்துக்கொண்டு இன்னொரு தடவை கூப்பிட்டாள். சும்மா சொல்லிப் பார்க்கிறாள் என்று எனக்குத் தெரிந்தது. அப்போதும் நான் "என்ன?" என்றுதான் கேட்டேன். எனக்கு வயது ஐம்பத்தொன்று. யாரும் என்னை அப்படிக் கூப்பிட்டதில்லை, இனிமேல் கூப்பிடப் போவதும் இல்லை. காதில் விழுந்தபோது நன்றாக இருந்தது. உன்னிடமிருந்து திருடுகிறோம் என்று தெரிந்தும் நன்றாக இருந்தது.

பிறகு அவளே நிறுத்திக்கொண்டாள். எப்போது தெரியுமா? நீ எழுதிய கிரேவியை நான் முதல் தடவை செய்த அன்று. "இது அம்மா பண்றது இல்ல" என்றவள் அதற்கப்புறம் என்னை அத்தை என்று மட்டும்தான் கூப்பிடுகிறாள்.

நீ என்ன வேண்டுமானாலும் திட்டி எழுது. ஆனால் அந்த இரண்டு வரியையும் எழுது. குழந்தை இன்னும் பாதிதான் தின்கிறாள்.

வெர்டி


மூன்றாம் வார்டு
ஏப்ரல் 24

அன்புள்ள அண்ணி,

நீங்கள் உண்மையை எழுதிவிட்டீர்கள். இனி நான் எழுதாவிட்டால் எனக்குத் தூக்கம் வராது.

கருகிப்போன இரண்டு வரியில் செய்முறை எதுவும் இல்லை. "ஒலீட்டாவுக்கு அவள் அம்மா கொடுத்த முத்தம். இடது கன்னத்தில் ஒன்று, வலது கன்னத்தில் ஒன்று" என்று எழுதியிருந்தேன். அவ்வளவுதான் போனது. நீங்கள் வருந்தியதெல்லாம் வீண்.

விட்டுப்போனதை நான்தான் விட்டேன். மறந்து விடவில்லை. எழுதும்போது கை அங்கே வந்தது, நின்றது, "அவ்வளவுதான்" என்று போட்டுவிட்டது. அடுப்பு எரித்துவிட்டது என்று நீங்கள் எழுதியபோது, பழியை அதன் மேலேயே போட்டுவிடலாமா என்றும் ஒரு வாரம் யோசித்தேன். நான் அப்படிப்பட்டவள் என்று எனக்கே அப்போதுதான் தெரிந்தது.

நீங்கள் என்னை விட நன்றாகத் தைப்பீர்கள். உங்கள் பிஸ்கட் என்னுடையதை விட அரை விரல் அதிகமாக உப்பும், அதை நான் கல்யாணமான வாரமே பார்த்துவிட்டேன். அந்தக் கிரேவியும் உங்கள் கையால் சரியாக வந்துவிட்டால், அந்த வீட்டில் எனக்கென்று என்ன மிச்சம் இருக்கிறது? படுத்துக்கொண்டு கூரையைப் பார்க்கிறவளுக்கு இப்படியெல்லாம்தான் தோன்றும். அதற்காகக் குழந்தையை அரைப்பட்டினி போட்டிருக்கிறேன். உங்களை விட நான்தான் பெரிய திருடி.

இதோ எழுதுகிறேன். சனிக்கிழமை அவர் அவசரமாகக் கிளம்பும்போது கோப்பையில் பாதிக் காப்பியை வைத்துவிட்டுப் போவார். அது மேசையில் ஆறிக்கிடக்கும். பால் ஊற்றிக் கிண்ட ஆரம்பித்ததும் அந்தக் காப்பியை அப்படியே அதில் ஊற்றிவிடுவேன். கல்யாணமான புதிதில் கொட்ட மனம் வராமல் ஊற்றினேன், பிறகு அதுவே வழக்கமாகிவிட்டது. அவருக்கே தெரியாது. ஒலீட்டாவின் மூக்கு தேடுவது அதைத்தான்.

மே 8, செவ்வாய்க்கிழமை ஆபரேஷன். ஏழு எலும்பு எடுப்பார்களாம். டாக்டர் நல்லவர், என் கண்ணைப் பார்க்காமல் தைரியம் சொன்னார். நான் திரும்பி வராவிட்டால், அண்ணி, காப்பியை ஊற்றிச் செய்து கொடுங்கள். அவள் முழுசாகச் சாப்பிடட்டும். அதற்கப்புறம் அவள் உங்களை எப்படிக் கூப்பிட்டாலும் நீங்கள் "இதோ கண்ணு" என்றே சொல்லுங்கள். நான் மனதார எழுதுகிறேன். மனதார என்று எழுத மூன்று நாள் ஆயிற்று.

டெல்சி


புஷ் ஃபோர்க்
மே 3

டெல்சி,

இந்தக் கடிதம் செவ்வாய்க்கிழமைக்குள் உன் கையில் கிடைக்க வேண்டும் என்று தபால்காரனை வழியிலேயே மறித்துக் கொடுக்கப் போகிறேன்.

முதலில் ஒன்று. உன் கடிதத்தை அடுப்பில் வைக்கவில்லை. போன வாரம் குழந்தைகளுக்கு ஊசி போட வந்த மாவட்ட நர்ஸிடம் கேட்டேன். "காகிதத்துல அதெல்லாம் வராதும்மா, யாரு சொன்னா?" என்று சிரித்தாள். சர்ச்சில் எல்லாரும் சொன்னார்கள் என்று சொல்ல வெட்கமாக இருந்தது. தபால்காரன் நீட்டிய இடத்திலேயே, கேட்டருகே நின்றபடி பிரித்துப் படித்தேன். உன் பழைய கடிதங்கள் எல்லாம் ஓரம் பழுத்துக் கிடக்கின்றன. இது மட்டும் வெள்ளையாக இருக்கிறது.

ஆறு மாதமாக ஒவ்வொரு சனிக்கிழமையும் ஆர்லி வைத்துவிட்டுப் போகிற காப்பியை "வீணடிக்கிறான் பார்" என்று திட்டிக்கொண்டே வாசலில் கொட்டினேன். அதையும் நீ தெரிந்துகொள்.

போன சனிக்கிழமை அதை ஊற்றிச் செய்தேன். குழந்தை எழுந்திருக்கவில்லை. நீ சொன்னது சரி, அந்த வாசனை வேறுதான். முதலில் எழும்பி வந்து மூக்கில் ஏறியது. நான் மேசையில் தனியாக உட்கார்ந்து, நான்கு பிஸ்கட் பிட்டு, முழுசாக ஊற்றிச் சாப்பிட்டேன். நீ வந்த முதல் சனிக்கிழமை தட்டைத் தள்ளியதற்கும் சேர்த்துச் சாப்பிட்டேன் என்று வைத்துக்கொள். நன்றாக இருந்தது டெல்சி. இதை நான் ஒரு தடவைதான் சொல்வேன்.

பிறகு சட்டியைக் கழுவிவிட்டு, காப்பி இல்லாமல் இன்னொரு தடவை செய்தேன். அதைத்தான் ஒலீட்டாவுக்கு வைத்தேன்.

"இன்னிக்கும் இல்லியே அத்தை. அம்மா பண்றது வேற."

"அப்ப அம்மா வந்து பண்ணட்டும். எனக்கு இவ்வளவுதான் வரும்."

"அம்மா எப்ப வரும்?"

"அது வந்ததும் நீயே கேளு. இப்பத் தின்னு."

முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு தின்றாள். இந்த வாரம் முக்கால் வாசி. பட்டினி போடுகிறேன் என்று நினைக்காதே, மற்ற நாட்களில் இப்போது முட்டை கேட்டு வாங்கித் தின்கிறாள். மஞ்சள் கவுன் இடுப்பில் பிடிக்க ஆரம்பித்துவிட்டது.

நீ திரும்பி வராவிட்டால் என்று எழுதியிருக்கிறாய். அந்த வேலையை என் தலையில் கட்டாதே, நான் செய்ய மாட்டேன். இந்தப் பிள்ளை தட்டைப் பார்த்துக் குறை சொல்கிற வரைக்கும் அவள் உன்னை மறக்கவில்லை என்று அர்த்தம். அந்தக் குறையை நான் தீர்த்து வைத்தால் அதற்கப்புறம் அவள் எதைத் தேடுவாள்? காப்பியை நீயே வந்து ஊற்று. நான் ஊற்றத் தெரியாதவளாகவே இருந்துகொள்கிறேன்.

கருகிப்போன முத்தம் இரண்டையும் கொடுத்துவிட்டேன், இடது ஒன்று, வலது ஒன்று. யார் கொடுத்தது என்றும் சொன்னேன்.

செவ்வாய்க்கிழமை நான் கோழிக்குக்கூடத் தீனி போடமாட்டேன். முழங்காலில்தான் இருப்பேன்.

வெர்டி அண்ணி


மூன்றாம் வார்டு
ஜூன் 9

அண்ணி,

பென்சில்தான் பிடிக்க முடிகிறது. ஹேரியட் தாளைப் பிடித்துக்கொண்டிருக்கிறாள். ஏழு எலும்பு போயிற்று. இடது தோள் கொஞ்சம் சரிந்திருக்கிறது, கவுனில் அந்தப் பக்கம் பஞ்சு வைத்துத் தைக்க வேண்டும், உங்களால் முடியும். சளியில் கிருமி இல்லை என்று இரண்டு தடவை வந்துவிட்டது. மூன்றாவது தடவையும் அப்படியே வந்தால், இலையுதிர்காலத்துக்குள் வீடு என்கிறார்கள்.

ஒரு கேள்விதான் கேட்க விரும்புகிறேன். மற்றதெல்லாம் வந்து கேட்டுக்கொள்கிறேன். இன்னும் குறை சொல்கிறாளா?

டெல்சி


புஷ் ஃபோர்க்
ஜூன் 16, சனி

டெல்சி,

இன்றும் சொன்னாள்.

வெர்டி அண்ணி